உளி பிடிக்க ஓர் அந்நிய ஊர்

நியூயார்க் நகரத்தின் மத்தியப் பூங்காவில், பெதெஸ்தா நீரூற்றின் உச்சியில், சிறகுகளை விரித்து, இடக்கையில் லில்லி மலர்த் தண்டு ஒன்றைப் பிடித்துக்கொண்டு, வலக்கையைக் கீழே பெருகும் நீரை ஆசீர்வதிப்பதுபோல நீட்டி நிற்கும் வெண்கலத் தேவதையை, அந்த நகரத்துக்குப் போய் வந்தவர்களும் திரைப்படங்களில் மட்டுமே அதைக் கண்டவர்களுமாகப் பலர் அறிந்திருக்கலாம். குரோட்டன் ஆற்றின் நன்னீர் 1842-இல் நகரத்துக்கு வந்து சேர்ந்ததைப் போற்றும் முகமாக 1873-இல் திறந்துவைக்கப்பட்ட அந்தச் சிலையைச் செய்தவர் எம்மா ஸ்டெபின்ஸ் என்ற பெண்மணி. நியூயார்க் நகரம் ஒரு பெண்ணை நம்பி ஒப்படைத்த முதல் பெரிய பொதுச் சிற்பம் அதுதான். ஸ்டெபின்ஸ் அதே நகரத்தில் பிறந்து, ஏறத்தாழ நாற்பது வயது வரையில் அங்கேயே வாழ்ந்தவர். பூங்காவை நிர்வகித்த குழுவின் தலைமையில் அவருடைய சொந்தச் சகோதரரே இருந்தார். அப்படியிருந்தும், அந்தத் தேவதை உருப்பெற்றது ரோமாபுரியில், வார்க்கப்பட்டது மியூனிக்கில். தன் ஊருக்காகத் தன் ஊர்ப் பெண் செய்யும் ஒரு சிலையை, அவர் சமுத்திரத்துக்கு அப்பால் போய் இருந்துகொண்டு ஏன் செய்ய வேண்டியிருந்தது?

கலைஞர்களும் எழுத்தாளர்களுமான பெண்கள் தாய்நாட்டை விட்டுப் போய், அந்நிய மண்ணில் தங்கள் சிருஷ்டி சக்தியையும் சொந்த வாழ்வையும் ஒருங்கே கண்டடைந்த வரலாறுகளைச் சொல்லும்போது, அவர்கள் சென்று சேர்ந்த ஊரைப் போற்றுவது நம் வழக்கமாகிவிட்டது. ரோமாபுரி என்றும் பாரிஸ் என்றும் சொல்லும்போதே, அங்கே காற்றில் சுதந்திரம் கலந்திருந்தது என்றும், அதைச் சுவாசித்த மாத்திரத்தில் இவர்கள் மேதைகளாகிவிட்டார்கள் என்றும் ஒரு மயக்கம் நம் மனத்தில் எழுகிறது. அந்த மயக்கம் அந்தப் பெண்களுக்கு நியாயம் செய்வதாகாது என்பது என் உறுதியான அபிப்பிராயம். போன ஊர் அவர்களுக்குக் கொடுத்தது கொஞ்சம். புறப்பட்ட ஊர் கொடுக்க மறுத்ததோ மிக அதிகம். மீதியை அவர்கள் தங்கள் பணத்தாலும் உழைப்பாலும், ஒருவருக்கொருவர் செய்துகொண்ட ஒத்தாசையாலும் தாமே சம்பாதித்துக்கொண்டார்கள்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் ரோமாபுரிக்குப் போய்ச் சேர்ந்த அமெரிக்கப் பெண் சிற்பிகளின் கதையை எடுத்துக்கொண்டால் இது நன்றாக விளங்கும். அப்போது அந்த நகரம் சுதந்திரத்தின் இருப்பிடமாக இருக்கவில்லை. போப்பாண்டவரின் நேர் ஆட்சியில், பிரெஞ்சுப் பட்டாளத்தின் பாதுகாப்பில் இருந்த ஊர் அது. தடை செய்யப்பட்ட நூல்களுக்கு அங்கே ஒரு பட்டியல் இருந்தது. யூதர்கள் ஒதுக்குப்புறச் சேரியில் அடைக்கப்பட்டிருந்தார்கள். ரோமாபுரியின் கௌரவமான குடும்பத்துப் பெண் ஒருத்தி துணையின்றித் தெருவில் நடந்துவிட முடியாது. ஆனால் பாஸ்டனிலிருந்து வந்த பெண் நடக்கலாம். குதிரை ஏறிக் காம்பாஞா சமவெளி முழுவதும் தனியே சுற்றி வரலாம். அவள் அந்நியள், அவளுடைய நடத்தைக்கு அந்த ஊர்த் தகப்பன்மாரோ பாதிரிமாரோ பொறுப்பில்லை. அவளுடைய சொந்த ஊரின் அண்டை வீட்டாரோ ஒரு மகா சமுத்திரத்துக்கு அந்தப் பக்கம் இருக்கிறார்கள். இரண்டு சமூகங்களின் சட்டமும் முழுமையாக எட்டாத ஓர் இடைவெளி கிடைத்தது. அதில்தான் அந்தப் பெண்கள் குடியேறினார்கள். கடல்வழிப் பிரயாணத்தில் பெண்ணை உடன் அழைத்துப் போகும் வழக்கம் இல்லை என்று வரையறுத்த தொல்காப்பியத்தைப் படித்து வளர்ந்த நமக்கு, பெண் தானாகவே கப்பலேறுவது எத்தனை பெரிய காரியம் என்பதைச் சொல்லிப் புரியவைக்க வேண்டியதில்லை.

அவர்கள் கப்பலேறியதற்கு லௌகிகமான காரணங்களும் இருந்தன. கராரா மலைகளின் வெண்பளிங்கு ரோமாபுரியில் சுலபமாகக் கிடைத்தது. தலைமுறை தலைமுறையாகக் கல்லில் பழகிய கைவினைஞர்கள் அமெரிக்காவில் கேட்கும் கூலியைவிட மிகக் குறைந்த கூலிக்கு அங்கே வேலை செய்தார்கள். வீட்டு வாடகை மலிவு. இவற்றையெல்லாம்விட முக்கியமானது, மனித உடலைக் கண்ணால் பார்த்துக் கற்கும் வாய்ப்பு. சிற்பிக்கு உடலமைப்பு தெரியாவிட்டால் எதுவும் தெரியாது. அமெரிக்கக் கலைப் பள்ளிகளிலோ ஆடையற்ற மாதிரியை வைத்து நடத்தும் வகுப்பில் பெண்களுக்கு இடமில்லை. பிலடெல்பியாவின் கலைக்கழகம்கூட 1868-இல்தான் பெண்களுக்கென்று அப்படி ஒரு வகுப்பைத் தொடங்கியது. ரோமாபுரியின் அரண்மனைகளிலும் அருங்காட்சியகங்களிலும் பழைய கிரேக்க, ரோமானியச் சிற்பங்கள் வரிசை வரிசையாக நின்றன. அவற்றின் முன் நின்று வரைந்துகொள்ள எந்தப் பள்ளியின் அனுமதியும் வேண்டியிருக்கவில்லை.

ஹாரியட் ஹாஸ்மர் இந்தக் கூட்டத்தில் முதலில் வந்தவர்களில் ஒருவர். மாசசூசெட்ஸ் மாகாணத்தில் வாட்டர்டவுன் என்ற ஊரில் 1830-இல் பிறந்தார். தாயும் உடன்பிறந்தவர்களும் காசநோய்க்கு இரையாகிவிட, எஞ்சிய ஒரே குழந்தையையாவது காப்பாற்றியாக வேண்டும் என்ற தவிப்பில், வைத்தியரான தகப்பனார் அவரைப் படகு வலிக்கவும் குதிரை ஏறவும் துப்பாக்கி சுடவும் பழக்கி, வீட்டுக்கு வெளியிலேயே வளர்த்தார். உடற்கூறு படிக்க வேண்டும் என்று ஹாஸ்மர் பாஸ்டனில் முயன்றபோது, பெண் என்பதற்காகவே மருத்துவப் பள்ளியின் கதவு சாத்தப்பட்டது. அவர் சளைக்காமல் செயின்ட் லூயிஸ் நகரம் வரை போய், பள்ளித் தோழி ஒருத்தியின் தகப்பனாருடைய தயவில், அங்கிருந்த மருத்துவக் கல்லூரியில் தனியாகப் பாடம் கேட்டுத் தேர்ந்தார். பிறகு 1852-இல் தகப்பனாரோடும், சார்லட் குஷ்மன் என்ற புகழ்பெற்ற நடிகையோடும் ரோமாபுரி சேர்ந்தார். தாம் செய்த சிற்பத்தின் புகைப்படங்களை அங்கிருந்த பிரிட்டிஷ் சிற்பி ஜான் கிப்ஸனிடம் காட்ட, அவர் தம் பட்டறையிலேயே ஹாஸ்மருக்கு இடம் கொடுத்தார்.

குஷ்மனைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் மேலே போவது நன்றியில்லாத செய்கையாகும். ரோமியோ முதலிய ஆண் வேடங்களில் நடித்து இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் பெரும் பொருள் ஈட்டிய அந்த அம்மையார், ரோமாபுரியில் வீடு எடுத்து, அதில் இளம் பெண் கலைஞர்களைத் தங்கவைத்து, வந்து போகும் பிரமுகர்களை அவர்களுடைய பட்டறைகளுக்கு அழைத்துச் சென்று, வேலை வாங்கிக் கொடுத்தார். ஒரு பெண் சம்பாதித்த பணம் வேறு பெண்களின் கலைக்கு முதலாக மாறியது. அந்த வீட்டில் சமைக்கப்பட்ட சாப்பாடும், அங்கே சொல்லப்பட்ட ஒரு சிபாரிசு வார்த்தையும், வத்திக்கானின் சிற்ப மண்டபங்கள் அளவுக்கே இந்தக் கலைஞர்களை உருவாக்கின என்று சொன்னால் மிகையாகாது.

தனி வாழ்விலும் அவர்கள் தங்கள் விருப்பப்படி இருந்தார்கள். குஷ்மனும் ஸ்டெபின்ஸும் ஒருவரையொருவர் வாழ்க்கைத்துணையாக ஏற்று, ஏறத்தாழ இருபது ஆண்டுகள், குஷ்மனின் மரணம் வரையில் சேர்ந்து வாழ்ந்தார்கள். அதை அவர்களுடைய நண்பர் வட்டம் இயல்பாகவே ஏற்றுக்கொண்டது. ஹாஸ்மர் கடைசிவரை மணம் செய்துகொள்ளவில்லை. கலைத்தொழிலில் இறங்கிய பெண்ணுக்குக் கல்யாணம் தகாது, ஏனென்றால் தொழிலையோ குடும்பத்தையோ இரண்டில் ஒன்றை அவள் புறக்கணிக்கத்தான் நேரும் என்ற கருத்தை அவர் தமக்கு உதவி செய்தவருக்கு எழுதிய கடிதத்தில் வெளிப்படையாகச் சொன்னார். நம்மில் பலருக்கு இது கடுமையான பேச்சாகத் தோன்றலாம். ஆனால் அவருடைய காலத்து மனைவிமாரின் நாளில் எத்தனை மணி நேரம் அவர்களுக்குச் சொந்தமாக இருந்தது என்பதை நினைத்துப் பார்த்தால், அந்தப் பேச்சில் இருக்கும் விவேகம் புலப்படும்.

இனி, இந்தப் பெண்களுக்கு இழைக்கப்பட்ட அவதூறைச் சொல்ல வேண்டும். அதில்தான் விஷயத்தின் உயிர்நாடி இருக்கிறது. பால்மைரா நாட்டு அரசி ஸெனோபியாவை, ரோமானியச் சக்கரவர்த்தியின் வெற்றி ஊர்வலத்தில் விலங்கு பூட்டி நடத்திச் சென்ற கோலத்தில், தோற்றும் தலை குனியாதவளாக, ஹாஸ்மர் 1859-இல் ஒரு பெருஞ்சிலை செய்தார். அது 1862-இல் லண்டன் சர்வதேசக் கண்காட்சியில் வைக்கப்பட்டது. பார்த்தவர்கள் வியந்தார்கள், வியப்பு அடங்குமுன்பே, இது அவர் செய்ததல்ல, அவரிடம் கூலிக்கு இருந்த இத்தாலியர்களோ அல்லது கிப்ஸனோ செய்து கொடுத்தது என்று லண்டன் பத்திரிகைகளில் எழுத்து வந்தது. ஹாஸ்மர் வாய்மூடி அழுதுகொண்டிருக்கவில்லை. மானநஷ்ட வழக்குத் தொடுத்தார். பத்திரிகை தன் பேச்சை வாபஸ் வாங்கிக்கொண்டது. கிப்ஸனும் உண்மையைச் சொல்லிக் கடிதம் எழுதினார். அதோடும் விடாமல், 1864-இல் அட்லாண்டிக் மாதப் பத்திரிகையில் சிற்பம் உருவாகும் முறையை விளக்கி ஹாஸ்மர் ஒரு கட்டுரை எழுதினார்.

அந்த முறை எல்லாருக்கும் ஒன்றுதான். முதலில் இரும்புக் கம்பிகளைக் கட்டி எலும்புக்கூடு போல ஒரு சட்டம் நிறுத்துவார்கள். அதன்மேல் ஈரக் களிமண்ணை அப்பி, சிற்பி தம் கையாலும் சிறு கருவிகளாலும் உருவத்தை எழுப்புவார்; முகத்தின் பாவம், துணியின் மடிப்பு, விரலின் வளைவு எல்லாம் இந்த மண்ணில்தான் பிறக்கின்றன. இரவு நேரத்தில் மண் வெடித்துவிடாமல் இருக்க ஈரத்துணி சுற்றி வைப்பார்கள். மாதக்கணக்கில் இந்த வேலை நடந்து முடிந்தபின், மண் உருவத்தின்மேல் பாரிஸ் சாந்தைப் பூசி அச்சு எடுத்து, அந்த அச்சிலிருந்து சாந்து உருவம் ஒன்றை வார்ப்பார்கள். அதன்மேல் புள்ளிகள் குறித்து, அளவுகோல் வைத்து, ஒவ்வொரு புள்ளியின் ஆழத்தையும் பளிங்குக் கல்லுக்கு மாற்றிக் கொண்டே போவது பயிற்சி பெற்ற கைவினைஞர்களின் வேலை. இறுதி மெருகில் சிற்பி மீண்டும் கை வைப்பார். நம் ஊரில் ஸ்தபதி உருவத்தை நிச்சயித்துக் கொடுக்க, பட்டறையில் பல கைகள் சேர்ந்து கல்லில் இறக்குவதைப் போன்றதுதான் இது. அந்தக் காலத்தில் ரோமாபுரியிலிருந்த ஆண் சிற்பிகள் அத்தனை பேரும் இப்படித்தான் வேலை செய்தார்கள். அவர்களில் ஒருவரிடமும் உம் சிலையைச் செய்தது யார் என்று யாரும் கேட்கவில்லை.

ஒரு பெண் நன்றாக ஒன்றைச் செய்துவிட்டால், அது அவளுடையதுதானா என்ற சந்தேகம் முதலில் எழுகிறது. வீட்டு ஆண்மகன் யாராவது திருத்திக் கொடுத்திருப்பான் என்று ஜாடையாகப் பேசும் பழக்கம் நம்மிடையே இன்னும் ஒழியவில்லை என்பதை எழுதும் பெண்கள் எல்லாரும் அறிவார்கள். தனி அறையும் தனிச் சம்பாத்தியமும் அவசியம்தான். ஆனால் தன் கை செய்ததைத் தன் கை செய்தது என்று உலகம் நம்ப வேண்டும் என்ற உரிமை அவற்றுக்கெல்லாம் மேலானது. அந்த உரிமை ஹாஸ்மருக்கு ரோமாபுரியிலும் தானாகக் கிடைக்கவில்லை. வழக்காடியே அவர் அதைப் பெற வேண்டியிருந்தது.

எட்மோனியா லூயிஸ் அந்தச் சந்தேகத்தை முளையிலேயே கிள்ள வேறொரு வழியைக் கண்டார். கைவினைஞர்களைப் பெரும்பாலும் வைத்துக்கொள்ளாமல், பளிங்கைத் தாமே செதுக்கினார். இந்த உறுதி எங்கிருந்து வந்தது என்பதை அறிய அவருடைய பூர்வ கதையைச் சொல்ல வேண்டும். தகப்பனார் ஆப்பிரிக்க வம்சத்தவர். தாய் ஓஜிப்வே என்ற செவ்விந்தியக் குடியைச் சேர்ந்தவர். இளமையிலேயே இருவரையும் இழந்து, நயாகரா அருவிக்கு அருகில் தாயின் உறவினரிடம் வளர்ந்து, அவர்களோடு சேர்ந்து கூடைகளும் மணி கோத்த பாதணிகளும் பிரயாணிகளுக்கு விற்றார். தமையன் கலிபோர்னியாவில் சம்பாதித்து அனுப்பிய பணத்தில், கறுப்பர்களையும் பெண்களையும் சேர்த்துக்கொண்டதற்காகப் பிரசித்தி பெற்றிருந்த ஓபர்லின் கல்லூரியில் படிக்கச் சென்றார். அங்கே 1862-இல், உடன் தங்கியிருந்த இரண்டு வெள்ளைக்கார மாணவிகளுக்குப் பானத்தில் விஷம் கலந்து கொடுத்ததாக அவர்மேல் குற்றம் சுமத்தப்பட்டது. வழக்கு நீதிமன்றத்துக்கு வருமுன்பே, ஒரு கும்பல் அவரைத் தூக்கிச் சென்று, குளிர்கால இரவில் அடித்துப் போட்டுவிட்டுப் போயிற்று. ஜான் மெர்சர் லாங்ஸ்டன் என்ற கறுப்பின வழக்கறிஞர் அவருக்காக வாதாடினார். சாட்சியம் இல்லையென்று வழக்கு தள்ளுபடியாயிற்று. எனினும் லூயிஸ் படிப்பை முடிக்காமலேயே வெளியேற நேர்ந்தது. அந்தக் கல்லூரி அவருக்குப் பட்டம் அளித்தது 2022-இல். அப்போது அவர் இறந்து 115 ஆண்டுகள் ஆகியிருந்தன.

பாஸ்டனுக்குப் போய், அடிமை ஒழிப்பு இயக்கத்தாரின் ஆதரவில் சிற்பம் பழகினார். உள்நாட்டுப் போரில் கறுப்பர் படையை நடத்திச் சென்று உயிர் நீத்த ராபர்ட் கோல்ட் ஷாவின் மார்பளவுச் சிலையைச் செய்து, அதன் சாந்துப் பிரதிகளை விற்று, அந்தப் பணத்தில் 1865-இல் ஐரோப்பாவுக்குக் கப்பலேறினார். பிரயாணச் செலவுக்கு அவர் யாரிடமும் கையேந்தவில்லை என்பதை நான் இங்கே அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். ரோமாபுரியில் 1867-இல் அவர் முடித்த ‘என்றென்றும் சுதந்திரம்’ என்ற பளிங்குச் சிற்பத்தில், அறுந்த சங்கிலி தொங்கும் கையை உயர்த்தி ஒரு கறுப்பின ஆண் நிற்க, பக்கத்தில் ஒரு பெண் மண்டியிட்டுக் கைகூப்பியிருக்கிறாள். கறுப்பர்களைத் தங்களைத் தாங்களே விடுவித்துக்கொண்டவர்களாகக் கல்லில் காட்டிய ஆரம்பகாலச் சிற்பங்களில் அது ஒன்று. அமெரிக்காவின் அந்தப் பேருணர்ச்சியை அமெரிக்காவில் இருந்தபடி செதுக்க அந்தக் கறுப்பினப் பெண்ணுக்கு இடம் கிடைக்கவில்லை.

பிலடெல்பியாவில் 1876-இல் நடந்த நூற்றாண்டுக் கண்காட்சிக்காக லூயிஸ் அனுப்பிய ‘கிளியோபாத்ராவின் மரணம்’ ஏறக்குறைய 1,370 கிலோ எடையுள்ள பளிங்குச் சிற்பம். பாம்பு தீண்டி உயிர் பிரிந்த பிறகு, சிம்மாசனத்தில் தலை சாய்ந்து, ஒரு கை தொங்கிக் கிடக்கும் அரசியை அவர் காட்டினார். மரணத்துக்கு முன் கணநேரம் யோசனையில் ஆழ்ந்திருக்கும் அழகியாகக் கிளியோபாத்ராவைச் செதுக்குவதே ஆண் சிற்பிகளின் மரபு. லூயிஸ் சாவைச் சாவாகவே செதுக்கினார். சிலர் அதிர்ந்தார்கள், பலர் போற்றினார்கள். விற்காமல் போன அந்தச் சிற்பம் சிகாகோவில் தங்கி, ஒரு மதுக்கடையில் நின்று, பிறகு கிளியோபாத்ரா என்று பெயரிட்ட ஒரு பந்தயக் குதிரையின் சமாதிக்கு அடையாளக் கல்லாகி, வெயிலிலும் பனியிலும் கிடந்து, பழைய சாமான்கள் போடும் முற்றம் ஒன்றுக்குப் போய்ச் சேர்ந்தது. 1994-இல்தான் அது வாஷிங்டனிலுள்ள ஸ்மித்ஸோனியன் அமெரிக்கக் கலைக்கூடத்துக்கு வந்தது. சிற்பியோ 1907-இல் லண்டனில் காலமானார். அந்நிய நாடு அவருக்கு வேலை செய்ய இடம் கொடுத்தது. செய்த வேலையைக் காப்பாற்ற அந்நிய நாட்டாலும் முடியவில்லை, சொந்த நாடும் நூறாண்டுக்கு மேல் கவலைப்படவில்லை.

வெளிநாடு சென்றவர்களைச் சொந்த ஊரின் கண் விட்டுவிடுகிறது என்று நான் மேலே சொன்னதற்கு ஒரு திருத்தம் இப்போது தேவைப்படுகிறது. அமெரிக்காவின் ஸேலம் நகரத்திலிருந்து வந்த லூயிசா லாண்டர் என்ற சிற்பி, நாவலாசிரியர் நதானியல் ஹாதார்னின் மார்பளவுச் சிலையை 1858-இல் ரோமாபுரியில் செய்தவர். அவர் ஒரு மனிதரோடு கூடி வாழ்ந்தார் என்றும், ஆடையின்றி மாதிரியாக நின்றார் என்றும் ஒரு வதந்தி கிளம்பியது. அங்கிருந்த அமெரிக்கர்களே கூடி விசாரணை வைத்தார்கள். சத்தியம் செய்து பதில் சொல்லச் சொன்னார்கள். லாண்டர் மறுத்துவிட்டார். மறுத்ததற்காக அவரை எல்லாரும் விலக்கி வைத்தார்கள். ஹாதார்ன் குடும்பமும் வாசலுக்கு வந்தவரைப் பார்க்கவில்லை. அவர் ஊர் திரும்ப வேண்டியதாயிற்று. ரோமானியச் சட்டம் அவரைத் தொடவில்லை; தேநீர் மேஜையைச் சுற்றி அமர்ந்திருந்த அமெரிக்கப் பஞ்சாயத்துதான் அவரைத் துரத்தியது. புலம்பெயர்ந்த சமூகங்கள் ஊரைவிட்டு வரும்போது ஊரின் நாக்கையும் கூடவே கொண்டு வருகின்றன; அந்த நாக்குக்குப் பெரும்பாலும் பெண்களே இலக்காகிறார்கள்.

ஸ்டெபின்ஸுக்கு நேர்ந்தது வேறு வகை. குஷ்மனுக்கு மார்பகப் புற்றுநோய் கண்டதும், ஸ்டெபின்ஸ் உளியைக் கீழே வைத்துவிட்டு அவரைப் பராமரிப்பதில் முழுமூச்சாக இறங்கினார். 1876-இல் குஷ்மன் இறந்தார். ஸ்டெபின்ஸ் அவருடைய கடிதங்களையும் வாழ்க்கை வரலாற்றையும் தொகுத்து நூலாக வெளியிட்டார். குறிப்பிடத்தக்க சிற்பம் எதையும் பிறகு செய்யவில்லை. அன்பினால் அவர் மனமுவந்து ஏற்ற சுமை அது. அதை நான் குறை சொல்லவில்லை. ஆனாலும் பூங்காவின் தேவதையைப் பார்க்கும்போதெல்லாம், செய்யப்படாமல் போன மற்றச் சிலைகளைப் பற்றிய ஏக்கமும் எழத்தான் செய்கிறது.

இருபதாம் நூற்றாண்டில் கூட்டம் பாரிஸின் பக்கம் திரும்பியது. அங்கே போன கறுப்பினப் பெண் கலைஞர்களில் மூவரை மட்டும் சொல்லி அமைகிறேன். நான்ஸி எலிஸபெத் பிராஃபெட் 1922 முதல் பன்னிரண்டு ஆண்டுகள் பாரிஸில் மரத்திலும் பளிங்கிலும் அருமையான தலைகளைச் செதுக்கினார். பசியோடு படுத்த இரவுகள் அவருடைய நாட்குறிப்பில் பதிவாகியிருக்கின்றன. பாரிஸ் அவருடைய நிறத்தைப் பார்த்துக் கதவடைக்காமல் இருந்திருக்கலாம். அதற்காக ரொட்டிக்காரன் கடன் கொடுத்துவிடவில்லை. லோயிஸ் மைலூ ஜோன்ஸ், ஹோவர்ட் பல்கலைக்கழகத்தில் ஆசிரியையாக இருந்தபோது விடுப்புப் பெற்று 1937-இல் பாரிஸ் சென்று, ஸேன் நதிக்கரையில் பகிரங்கமாக ஓவியச் சட்டத்தை நிறுத்தி வரைந்தார். திரும்பி வந்தபின், 1941-இல் வாஷிங்டனின் கோர்கரன் கலைக்கூடப் போட்டியில் கறுப்பர்களின் படத்தை ஏற்பதில்லை என்பதால், பாரிஸில் கிடைத்த வெள்ளைக்காரத் தோழி ஸெலின் தாபாரியின் மூலமாகத் தம் படத்தைச் சேர்ப்பித்தார். படம் பரிசு பெற்றது; வரைந்தவர் தம்மை வெளிக்காட்டிக்கொள்ள இயலவில்லை. அந்தக் கலைக்கூடம் 1994-இல் பகிரங்கமாக மன்னிப்புக் கோரியபோது ஜோன்ஸுக்கு எண்பத்தெட்டு வயது.

மூன்றாமவர் அகஸ்டா ஸாவேஜ். பிரான்ஸில் ஃபோன்டன்ப்ளோ அரண்மனையில் அமெரிக்க மாணவர்களுக்காக நடந்த கோடைக் கலைப்பள்ளிக்கு 1923-இல் விண்ணப்பித்த அவரை, கறுப்பர் என்று அறிந்ததும் நிராகரித்தார்கள். வெள்ளைக்கார மாணவிகளுக்கு அவரோடு பிரயாணம் செய்வதும் தங்குவதும் சங்கடமாக இருக்கும் என்று காரணம் சொல்லப்பட்டது. நிராகரித்தது பிரான்ஸ் அல்ல. அமெரிக்காவில் இருந்த அமெரிக்கர்களின் குழு. ஸாவேஜ் பத்திரிகைகளுக்கு எழுதி அந்த அநியாயத்தை நாடறியச் செய்தார். குழு அசைந்து கொடுக்கவில்லை. சலவைத் தொழிலில் உழைத்துக் குடும்பத்தைத் தாங்கிக்கொண்டே, தெருப் பையன் ஒருவனின் தலையைச் செய்தார். அதைக் கண்டு வந்த உதவித்தொகையால் 1929-இல் பாரிஸ் போனார். சில ஆண்டுகளில் திரும்பி, ஹார்லெமில் சொந்தமாகப் பட்டறை திறந்தார். 1937-இல் ஹார்லெம் சமூகக் கலை நிலையத்தின் முதல் இயக்குநரானார். தம்மிடம் வரும் பிள்ளைகளுக்குக் கட்டணமின்றிக் கற்பித்தார். பிற்காலத்தில் அமெரிக்க ஓவியத்தில் பெரும் பெயராகிய ஜேக்கப் லாரன்ஸ் அவருடைய அரவணைப்பில் வளர்ந்தவர். தாம் அடைந்ததைத் தெருவோரத்துப் பிள்ளைக்கும் கொண்டு வந்து சேர்த்த அவரை, இந்தப் பெண்கள் எல்லாரிலும் நான் மிக உயர்வாக மதிக்கிறேன்.

கலைக்காக ஊரை விட்டுப் போகும் பெண்ணை, வேரறுத்துக்கொண்டவள் என்றும், மேனாட்டு மோகத்துக்கு ஆளானவள் என்றும் பழிக்கும் குரல் நம்மிடையே கேட்கிறது. பழிப்பவர்கள் லூயிஸைப் பார்க்கட்டும். அவர் ரோமாபுரியில் இருந்துகொண்டு தம் இனத்தின் விடுதலையையும் தம் தாய்க்குலத்துச் செவ்விந்தியரையும் செதுக்கினார். போனவர்கள் பலர் ஊரை மறக்கப் போகவில்லை. ஊரைப் பற்றி உண்மையாகப் பேசும் தூரத்தைத் தேடிப் போனார்கள். மறுபுறம், வெளிநாட்டு உதவித்தொகைகளை மட்டுமே கொடுத்துவிட்டுக் கடமை முடிந்தது என்று கருதுவோரும் யோசிக்க வேண்டும். ஒரு பெண்ணை ஆறு மாதம் ஐரோப்பாவுக்கு அனுப்பும் செலவில், அவள் பிறந்த மாவட்டத்திலேயே ஒரு வருஷத்துக்கு வாடகை அறை ஒன்றும், வீட்டாரிடம் கைநீட்டாமல் சாப்பிடும் அளவுக்கு மாதச் சம்பளமும் கொடுக்க முடியும்; அந்த அறைக்கு யார் வருகிறார்கள், எப்போது விளக்கு அணைகிறது என்று காவலாளியிடம் விசாரிக்காமல் இருப்பதற்கோ செலவே கிடையாது. கலைக்கழகங்களும் பல்கலைக்கழகங்களும் அடுத்த ஆண்டு வரவு செலவுத் திட்டத்தில் இதற்கு ஒரு தொகை ஒதுக்க வேண்டும். தேர்வுக் குழுவில் பாதிப் பேராவது பெண்களாக இருக்க வேண்டும். விண்ணப்பதாரரின் கல்யாண விவரம் கேட்கும் பத்தியை விண்ணப்பத் தாளிலிருந்து நீக்கிவிட வேண்டும். அதை நீக்குவதற்கு எந்தக் கூட்டத்தையும் கூட்ட வேண்டியதில்லை, இன்றைக்கே செய்யலாம்.